பேச்சு நின்ற வீட்டில் மறுபடி பேசத் தொடங்குவது எப்படி? சேலத்து வீடுகளுக்கு ஒரு முழு வழிகாட்டி

வீட்டில் மனஸ்தாபம் முற்றினால் முதலில் காணாமல் போகும் சொல் 'போய்ட்டு வரேன்'. தினமும் சண்டை போடும் வீட்டில்கூட அது இருக்கும். வாசல் வரை கத்திவிட்டு, செருப்பை மாட்டும்போது ஒரு முனகலாகவாவது 'வரேன்' என்று வந்துவிடும். அதுவும் நின்று, வண்டி ஸ்டார்ட் ஆகும் சத்தத்தை வைத்துத்தான் ஆள் கிளம்பியதே தெரிகிறது என்ற நிலை வந்தால், அந்த வீட்டின் பிரச்சினை கோபத்தைத் தாண்டிப் போய்விட்டது.

ஆனால் அப்படிப்பட்ட வீட்டிலும் பேச்சு முழுதாக நிற்பதில்லை, சுற்றி வருகிறது. 'அப்பாகிட்ட சாப்பாடு எடுத்து வெச்சாச்சுன்னு சொல்லு' என்று அம்மா பிள்ளையிடம் சொல்வார். அப்பா இரண்டடி தள்ளி நாற்காலியில்தான் இருப்பார். 'உங்கண்ணன்கிட்ட கரண்ட் பில் கட்டச் சொல்லு' என்று அப்பா மகளிடம் சொல்வார். குகையில் ஓட்டு வீடானாலும் ஃபேர்லேண்ட்ஸில் மாடி வீடானாலும் இந்தத் தூது ஒரே மாதிரிதான்.

பல குடும்பங்கள் 'ஒரு நாள் எல்லாரும் உட்கார்ந்து பேசித் தீர்த்துடலாம்' என்று ஆரம்பித்துத் தோற்றுப்போகின்றன. மாதக்கணக்கில் ஒருவருக்கொருவர் 'சாப்ட்டியா' என்றுகூடக் கேட்காத இருவரை நேராக வழக்கு பேச உட்கார வைத்தால் அது வழக்காகவேதான் முடியும். பேசித் தீர்ப்பது கடைசி வேலை. முதல் வேலை, தூதை நிறுத்துவது. நடுவில் சின்னப் பேச்சைத் திரும்பப் பழக வேண்டும். மொத்தத்தில் ஆறு முதல் எட்டு வாரம் ஒதுக்கிக்கொள்ளுங்கள்.

தொடங்கும் முன்: இது உண்மையிலேயே மனஸ்தாபம்தானா?

மூன்று விஷயங்களைச் சரிபார்க்காமல் இறங்கக் கூடாது.

முதலாவது காது. நிறையப் பேர் இதை யோசிப்பதே இல்லை. அம்மாபேட்டை, கொண்டலாம்பட்டி, இளம்பிள்ளை பக்கம் தறிக் கொட்டகைக்குள் பக்கத்தில் நிற்பவரிடமே கத்தித்தான் பேச வேண்டும். 85 டெசிபலுக்கு மேற்பட்ட சத்தத்தில் தினமும் எட்டு மணி நேரம், பல வருஷம் இருந்தால் காது பழுதாகும். அதில் முதலில் போவது உச்ச ஒலிகளைக் கேட்கும் திறன். அதனால் நண்பரின் கனத்த குரல் கேட்கும், மருமகளின் மெல்லிய குரலும் பேரப்பிள்ளையின் குரலும் பிடிபடாது. 'எல்லார்கிட்டயும் பேசறாரு, எங்கிட்ட மட்டும் முகம் கொடுக்கறதில்ல' என்று மருமகள் மனம் நொந்துகொண்டிருப்பார். மாமனாரோ திரும்பத் திரும்ப 'என்ன, என்ன' என்று கேட்க வெட்கப்பட்டுக்கொண்டு பேசாமல் இருப்பார். பின்னால் இரண்டு எட்டு தள்ளி நின்று சாதாரணக் குரலில் கூப்பிட்டுப் பாருங்கள். இரண்டு மூன்று தடவையும் திரும்பவில்லை என்றால் காது, மூக்கு, தொண்டை மருத்துவரிடம் ஆடியோகிராம் (கேட்கும் திறன் சோதனை) எடுத்த பிறகு மற்றதைப் பேசலாம்.

இரண்டாவது மனச்சோர்வு. கோபத்தில் இருப்பவர் உங்களிடம் பேசமாட்டார், வெளியே டீக்கடையில் பேசுவார். யாரிடமும் பேச்சில்லை, தூக்கம் கெட்டுப்போயிருக்கிறது, பிடித்த சாப்பாடும் இறங்கவில்லை, பிடித்த வேலையும் தொடவில்லை, இது இரண்டு வாரத்துக்கு மேல் நீள்கிறது என்றால் அது வீம்பு இல்லை, நோய். 14416 என்பது டெலி மனஸ் என்ற அரசு மனநல உதவி எண். இலவசம், இரவும் பகலும் எடுப்பார்கள், தமிழில் பேசலாம். அரசு மோகன் குமாரமங்கலம் மருத்துவக் கல்லூரி மருத்துவமனையிலும் மனநலப் பிரிவு இருக்கிறது. 'செத்துடலாம்னு இருக்கு' என்ற வார்த்தை விளையாட்டாக வந்தாலும் அன்றைக்கே கூப்பிடுங்கள்.

மூன்றாவது பயம். 'நான் வாயைத் திறந்தால் என்ன நடக்கும்?' என்று உங்களையே கேளுங்கள். 'அடி விழும்', 'செலவுக்குப் பணம் நின்னுடும்', 'பிள்ளையைத் தூக்கிட்டுப் போயிடுவாரு' என்று பதில் வந்தால் இந்த வழிகாட்டி உங்களுக்கானது இல்லை. கீழே சொல்லும் எதையும் முயலாதீர்கள். உதவி எண்கள்: பெண்களுக்கு 181, குழந்தைகளுக்கு 1098, முதியவர்களுக்கு 14567. பெண்களுக்கான 2005-ஆம் ஆண்டின் குடும்ப வன்முறைத் தடுப்புச் சட்டம் அடியை மட்டும் வன்முறையாகப் பார்க்கவில்லை. சொல்லால் புண்படுத்துவதும், மனதை வதைப்பதும், பணத்தை முடக்குவதும் அதில் அடங்கும்.

ஒரு தாள், ஒரு பேனா

வீட்டில் இருப்பவர்களின் பெயர்களை வட்டமாக எழுதுங்கள். நேருக்கு நேர் பேசிக்கொள்பவர்களுக்கு இடையே முழுக் கோடு, இன்னொருவர் வழியாக மட்டும் பேசுபவர்களுக்குப் புள்ளிக் கோடு, பேச்சே இல்லாதவர்களுக்குக் கோடு வேண்டாம். ஐந்து பேர் உள்ள வீட்டில் பத்து ஜோடி வரும். பத்தும் கெட்டுப்போயிருப்பது அபூர்வம், ஒன்றோ இரண்டோதான் அறுந்திருக்கும். அறுந்த இடத்தைச் சுற்றி ஒருவர் மேல் மட்டும் கோடுகள் குவிந்திருப்பது தாளில் பளிச்சென்று தெரியும். அவர்தான் தூதர். பெரும்பாலும் அம்மா, இல்லையென்றால் மூத்த மகள், சில வீடுகளில் எட்டு வயதுப் பிள்ளை.

இந்தத் தாளை யாரிடமும் காட்ட வேண்டாம். காட்டினால் 'எங்களப் பத்தி எழுதி வெச்சிருக்கா' என்று அதுவே ஒரு புதுச் சண்டை ஆகும்.

தூதை நிறுத்துவது

இருவருக்கு இடையே இறுக்கம் தாங்க முடியாமல் போகும்போது மூன்றாம் ஆளை உள்ளே இழுத்துக்கொள்வது மனித இயல்பு. அமெரிக்க மனநல மருத்துவர் மர்ரே போவன் இதை முக்கோணம் என்று விளக்கினார். மூன்றாம் ஆள் இருக்கும் வரை இருவருக்கும் சிரமம் இல்லை. வீடு ஓடும், பில் கட்டப்படும், சோறு பரிமாறப்படும். அதனாலேயே மனஸ்தாபம் வருஷக்கணக்கில் ஆறாமல் கிடக்கும்.

தூது போவது பிள்ளை என்றால் பெரியவர்தான் அதை நிறுத்த வேண்டும், அதுவும் பிள்ளையிடம் வாய்விட்டுச் சொல்லி: 'இனிமே அப்பாகிட்ட சொல்ல வேண்டியத அம்மாவே சொல்லிக்கறேன் கண்ணு. அது உன் வேலை இல்ல.' இந்த இரண்டு வாக்கியம் போதும். தூது சுமக்கும் பிள்ளைகளுக்குக் காரணமில்லாத வயிற்றுவலி, தலைவலி வரும், ஞாயிறு இரவு தூக்கம் வராது. இரண்டு பேர் முகத்தையும் மாறி மாறிப் பார்த்துச் சேதியை மென்மையாக்கிச் சொல்லும் பழக்கமும் வந்துவிடும். அப்பா சொன்ன 'அவளுக்கு வேற வேலையே இல்ல' என்பதை 'அப்பா அப்புறம் பாக்கறேன்னாரு' என்று மாற்றிச் சொல்லும் குழந்தையைப் பார்த்துச் 'சமத்து' என்று மெச்சாதீர்கள். அந்த வயதில் யாரும் தூக்கக் கூடாத பாரம் அது.

தூது போவது நீங்கள் என்றால் சேதியைத் திருப்பிவிடுங்கள். 'அத நீங்களே அவன்கிட்ட சொல்லிடுங்க, மாடியிலதான் இருக்கான்.' குரலில் சலிப்பு கூடாது, விளக்கமும் கூடாது. அதோடு எழுந்து வேறு வேலைக்குப் போய்விட வேண்டும். முதல் வாரத்தில் நிச்சயம் ஏதாவது கெடும். கரண்ட் பில் தேதி தாண்டும், யாராவது சாப்பிடாமல் படுப்பார்கள். அந்தச் சின்ன நஷ்டத்தைத் தாங்கிக்கொள்ளத் தயாராக இல்லாவிட்டால் தொடங்கவே வேண்டாம். மூன்றாம் நாள் மனமிளகி மறுபடி தூது போனால், 'ரெண்டு நாள் வீம்பா இருந்தா இவ வழிக்கு வந்துடுவா' என்று எல்லாருக்கும் தெரிந்துவிடும். மருந்து, மருத்துவமனை, பிள்ளையின் பள்ளி, இந்த மூன்றுக்கு மட்டும் விதிவிலக்கு வைத்துக்கொள்ளலாம்.

ஒரு சங்கடமான உண்மையையும் சொல்ல வேண்டும். தூதர் சில சமயம் இதை விட விரும்பமாட்டார். 'நான் இல்லன்னா இந்த வீடு ஓடாது' என்ற நினைப்பு பல அம்மாக்களுக்கு வீட்டில் கிடைத்த ஒரே மரியாதையாக இருக்கும். அதைப் பறித்துவிட்டுச் சும்மா இருந்தால் அவர் இன்னும் தனிமைப்படுவார். அவரோடு நேரடியாக உட்கார்ந்து, யாரைப் பற்றியும் இல்லாத பேச்சாகத் தினமும் பத்து நிமிஷம் பேசுங்கள்.

சின்னப் பேச்சு, மூன்று வாரம்

முதல் வாரம் தினமும் மூன்று வாக்கியம். கிளம்பும்போது 'போய்ட்டு வரேன்'. வந்ததும் 'சாப்ட்டீங்களா'. இரவில் ஏதாவது ஒரு சேதி: 'நாளைக்கு காலைல தண்ணி வருதாம்.' மூன்றிலும் கேள்வியோ கோரிக்கையோ குறையோ இருக்கக் கூடாது. 'சாப்ட்டீங்களா' கேள்விதானே என்றால், நம் ஊரில் அது கேள்வி இல்லை, விசாரிப்பு.

பதில் வராது. முதல் நான்கைந்து நாள் வராமலிருப்பதே இயல்பு. சொல்லிவிட்டு நகர்ந்துவிடுங்கள். பதிலுக்காக முகத்தைப் பார்த்துக்கொண்டு நின்றால் அவர் மேல் பாரம் ஏறும், மூடிக்கொள்வார். 'பாரு, நானா போய் பேசினேன், அவன் மதிக்கல' என்று அக்காவுக்குப் போன் போட்டுச் சொன்னால் அன்றோடு முடிந்தது. அக்காவிடம் சொன்னது இரண்டே நாளில் அவர் காதுக்குப் போய்விடும்.

இரண்டாம் வாரம் சேர்ந்து செய்யும் ஒரு வேலை. முகத்தை முகம் பார்க்கத் தேவையில்லாத வேலையாக இருக்க வேண்டும்: வெங்காயம் உரிப்பது, ரேஷன் வாங்கி வருவது, மூக்கனேரிப் பக்கம் காலை நடை. இருபது நிமிஷம் போதும். தறி ஓடும் வீடுகளில் இதற்கு ஒரு நல்ல நாள் தானாகவே வரும். பராமரிப்புக்காகக் கரண்ட் நிறுத்தும் நாளில் தறி நிற்கும், வீடே அமைதியாகும், ஆளுக்கொரு பக்கம் போனைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருப்பார்கள். அன்றைக்குத் திண்ணையில் சேர்ந்து உட்கார்ந்து டீ குடிப்பதில் ஆரம்பிக்கலாம்.

மூன்றாம் வாரம் அவர் செய்யும் ஒன்றைக் கவனித்துச் சொல்வது. 'ராத்திரி மோட்டார நீங்கதான் நிறுத்துனீங்களா? நல்லவேளை, டேங்க் வழிஞ்சிருக்கும்.' பெரிய பாராட்டு வேண்டாம், போலித்தனம் உடனே தெரிந்துவிடும்.

இங்கே அப்பாக்களைப் பற்றி ஒரு வார்த்தை. நம் வீடுகளில் பல அப்பாக்கள் மன்னிப்பை வாயால் கேட்பதில்லை. ஒரு நாள் சாயங்காலம் தட்டுவடை செட் கட்டி வாங்கிக்கொண்டு வந்து மேஜை மேல் வைத்துவிட்டு, ஒன்றும் சொல்லாமல் டிவி பார்க்க உட்காருவார். அதுதான் மன்னிப்பு. பிரித்துச் சாப்பிடுங்கள், அவருக்கும் ஒன்று எடுத்துக் கொடுங்கள். தொடாமல் வைத்து மறுநாள் குப்பையில் போட்டால் அடுத்த தடவை அவர் வாங்கி வரமாட்டார். அதே சமயம், கடும்சொல்லால் காயப்பட்ட பிள்ளைக்குப் பொட்டலம் மட்டும் போதாது. 'அன்னைக்கு நான் அப்படிச் சொல்லியிருக்கக் கூடாது' என்று ஒரு வரி பெரியவர் வாயிலிருந்து வந்தால் அந்தப் பிள்ளை வாழ்நாள் முழுக்க மறக்காது. வயதில் மூத்தவர் இறங்கி வருவது மரியாதைக் குறைவு என்ற எண்ணம் பல வீடுகளை நாசம் செய்திருக்கிறது.

விஷயத்தைப் பேசும் நாள்

ஒரே விஷயத்தை எடுங்கள். கல்யாணத்தில் சீர் குறைந்தது, போன தீபாவளிக்கு வராமல் போனது, பையன் வேலையை விட்டது என்று மூன்றையும் எடுத்தால் எதுவும் நடக்காது. இருப்பதில் சின்னதாக ஒன்று. சின்னது ஒன்று தீர்ந்தால்தான் பெரியதைப் பேசும் தைரியம் இருவருக்கும் வரும்.

நேரத்தை முன்கூட்டியே சொல்லுங்கள்: 'ஞாயித்துக்கிழமை காலைல டிபன் முடிஞ்சதும் ஒரு இருவது நிமிஷம் பேசணுங்க. சீட்டுப் பணம் விஷயம்.' விஷயத்தைச் சொல்லாமல் 'உங்ககிட்ட கொஞ்சம் பேசணும்' என்று மட்டும் விட்டால் அவர் ஞாயிறு வரை மனதுக்குள் பத்துச் சண்டை போட்டு முடித்திருப்பார். குடித்திருக்கும்போது பேசக் கூடாது. பசியில் கூடாது. கோட்டை மாரியம்மனுக்கு ஆடித் திருவிழா நடக்கும் நாட்களில், சொந்தபந்தம் வீடு நிறைய இருக்கும்போது கூடவே கூடாது. நாலு பேர் முன்னால் பேச்சு மானப் பிரச்சினை ஆகிவிடும், பிறகு யாரும் விட்டுக்கொடுக்க முடியாது.

ஏற்காட்டுக்குக் கூட்டிப்போய் வழியில் பேசிக்கொள்ளலாம் என்பது பலரும் செய்யும் தப்பு. அடிவாரத்திலிருந்து 20 கொண்டை ஊசி வளைவு. ஓட்டுபவர் கவனம் சாலையில் இருக்க வேண்டும், பக்கத்தில் இருப்பவர் கோபம் வந்தால் எழுந்து போக இடமில்லை. மேலே போய் ஏரியைச் சுற்றி நடக்கும்போது பேசுங்கள்.

சொல்லும் முறையில் மூன்று துண்டு இருக்க வேண்டும்: நடந்தது, உங்களுக்கு எப்படி இருந்தது, இனி என்ன வேண்டும். 'போன புதன்கிழமை சீட்டுப் பணத்த என்கிட்ட கேக்காம எடுத்து உங்க தம்பிக்குக் கொடுத்தீங்க. என்னை ஒரு ஆளாவே மதிக்கலையோன்னு இருந்துச்சு. அடுத்த தடவ எடுக்கறதுக்கு முன்ன ஒரு வார்த்தை சொல்லுங்க.' இதில் 'எப்பவுமே' இல்லை, 'உங்க குடும்பமே இப்படித்தான்' இல்லை. அந்த இரண்டும் வந்த நிமிஷம் எதிராளி சீட்டுப் பணத்தை மறந்து, தன் குடும்ப மானத்தைக் காக்க இறங்கிவிடுவார்.

எதிராளி கல் மாதிரி உட்கார்ந்துவிட்டால்? தம்பதிகளைப் பல பத்தாண்டுகள் ஆராய்ந்த ஜான் காட்மன், இப்படி மூடிக்கொள்பவர்களில் பெரும்பாலோர் ஆண்கள் என்றும், வெளியே அசையாமல் இருக்கும் ஆளுக்கு உள்ளே இதயம் படபடக்கும் என்றும் கண்டார். நாடி நிமிஷத்துக்கு 100-ஐத் தாண்டினால் எதிராளி சொல்வது மண்டையில் ஏறாது. மணிக்கட்டில் விரல் வைத்து 15 நொடி எண்ணுங்கள். 25-க்கு மேல் போனால் நிறுத்த வேண்டும். அடங்க குறைந்தது 20 நிமிஷம் ஆகும். 'கொஞ்சம் நேரம் கழிச்சு, பதினோரு மணிக்குப் பேசலாம்' என்று மணியைச் சொல்லிவிட்டு எழுங்கள். மணி சொல்லாமல் எழுந்து போவது பழைய மௌனத்தின் தொடர்ச்சி ஆகிவிடும். சொன்ன மணிக்குத் திரும்பி வர வேண்டும், இது மிக முக்கியம். அந்த இடைவெளியில் 'அவ சொன்னதுக்கு நான் இப்படிக் கேட்டிருக்கணும்' என்று ஒத்திகை பார்த்தால் நாடி இறங்காது. செடிக்குத் தண்ணீர் ஊற்றுங்கள்.

ஜாடைப் பேச்சு

பாத்திரத்தை 'டங்'கென்று வைப்பது, பூனையைத் திட்டுவது போல மருமகளைத் திட்டுவது, வாட்ஸ்அப் ஸ்டேட்டஸில் 'நம்பினவங்கதான் முதுகுல குத்துவாங்க' என்று போடுவது, எல்லாம் ஒரே ரகம்தான். பதில் ஜாடை போடாதீர்கள். தனியாக இருக்கும்போது தணிந்த குரலில்: 'அத்தை, காலைல சொன்னது எனக்குத்தானே? நேராவே சொல்லுங்க, கேட்டுக்கறேன்.' 'உன்னைச் சொல்லல' என்று வந்தால் 'சரிங்கத்தை' என்று விட்டுவிடுங்கள். இரண்டு மூன்று தடவை இப்படிக் கேட்டால் ஜாடைக்கு வேலை குறையும். வாட்ஸ்அப்பில் நேரம் குறிப்பது மட்டும், விஷயம் வேண்டாம். எழுத்தில் குரல் இல்லாததால் படிப்பவர் தன் கோபத்தின் குரலில்தான் படிப்பார்.

பட்டறைக் கணக்கும் சொத்தும்

செவ்வாய்ப்பேட்டை, சிவதாபுரம் பக்கம் கொலுசுப் பட்டறை வைத்திருக்கும் அண்ணன் தம்பிகளுக்குள் பேச்சு நிற்பது பெரும்பாலும் கணக்கில்தான் தொடங்குகிறது. வாய்க் கணக்கை நிறுத்தி ஒரு நோட்டுப் போடுங்கள். வாங்கிய வெள்ளி, கொடுத்த கொலுசு, சேதாரம், கூலி என நான்கு பத்தி, எடை எல்லாம் கிராமில், வாரம் ஒருமுறை இருவர் கையெழுத்து. சந்தேகம் என்ற சொல்லையே எடுக்காமல் சந்தேகம் தீரும்.

சொத்துப் பேச்சையும் மனசுப் பேச்சையும் ஒரே நாளில் வைக்காதீர்கள். பெண் பிள்ளைக்கு உண்டா இல்லையா என்று வீட்டுக்குள் வாதாடுவதில் பயனில்லை. இந்துக் குடும்பங்களில் பூர்வீகச் சொத்தில் மகளுக்கும் மகனுக்கு இணையான பிறப்புரிமை உண்டு. தமிழ்நாடு 1989-லேயே திருத்தம் கொண்டுவந்தது, ஆனால் அதற்கு முன் கல்யாணமான மகள்கள் விடுபட்டார்கள். 2005-ஆம் ஆண்டின் மத்தியத் திருத்தம் அந்தப் பாகுபாட்டை நீக்கியது. 2020-ல் உச்ச நீதிமன்றம், திருத்தம் வந்த நாளில் அப்பா உயிரோடு இருந்திருக்க வேண்டியதில்லை என்று தெளிவாக்கியது. ஏற்கெனவே முறைப்படி நடந்து முடிந்த பாகப்பிரிவினைகள் வேறு, அவற்றுக்கு வக்கீலிடம் பத்திரத்தைக் காட்ட வேண்டும். சட்டம் என்ன சொல்கிறது என்பது தெரிந்துவிட்டால், 'அவ கேக்கறா' என்ற பழி தங்கை மேலிருந்து இறங்கும்.

மலையில் ஒருவர், டவுனில் மற்றவர்கள்

அப்பா ஏற்காட்டில் எஸ்டேட் வேலையில், அம்மாவும் பிள்ளைகளும் படிப்புக்காக அஸ்தம்பட்டி பக்கம் வாடகை வீட்டில். கார்த்திகை, மார்கழி, தை என்று காப்பிப் பழம் பறிக்கும் மாதங்களில் அவர் இறங்கி வருவதே அரிது. போனில் பீஸ், வாடகை, கேஸ் மட்டும்தான் பேச்சு. பணப் பேச்சை வாரத்தில் ஒரு நாளுக்கு ஒதுக்கிவிடுங்கள். மற்ற நாட்களில் பிள்ளை நேரடியாக அப்பாவைக் கூப்பிடட்டும், அம்மா போனை வாங்கி நீட்ட வேண்டாம். அவர் வீட்டுக்கு வந்த முதல் இரண்டு மணி நேரத்தில் புகார் சொல்லக் கூடாது. குளித்து, சாப்பிட்டு, பிள்ளைகளோடு இருந்த பிறகு சொன்னால் அதே புகாரை வேறு காதால் கேட்பார்.

வெளியாளைக் கூப்பிடுவது

எட்டு வாரமாகியும் ஒரு பதில்கூட வரவில்லை என்றால் வெளியாள் வேண்டும். தாய்மாமனோ பெரியப்பாவோ என்றால், இருவருமே மதிக்கும் ஆளாக இருக்க வேண்டும், அவருக்கு இந்த விஷயத்தில் பணமோ பங்கோ இருக்கக் கூடாது. அவரிடம் கேட்க வேண்டியது தீர்ப்பு அல்ல: 'மாமா, யார் தப்புன்னு சொல்ல வேண்டாம். ரெண்டு பேரும் பேசி முடிக்கற வரைக்கும் கூட இருந்தீங்கன்னா போதும்.' பஞ்சாயத்து பேசிப் பழகியவருக்கு இது கஷ்டம், முன்கூட்டியே சொல்லிவிடுங்கள். குடும்ப ஆலோசகர் என்றால் முதல் தடவை நீங்கள் தனியாகவே போகலாம், எல்லாரும் வரும்வரை காத்திருக்க வேண்டாம். சட்டம் வரை போகும் நிலை என்றால் மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் பெண்களுக்கு வருமான வரம்பு இல்லாமல் இலவச உதவி உண்டு. வழக்குப் போடும் முன்னரே சமரசத்துக்கும் வழி செய்வார்கள்.

மறுபடி நின்றுபோனால்

நிற்கும். நன்றாகப் பேசிக்கொண்டிருந்த வீட்டில் ஒரு சாவு, ஒரு கல்யாணம், ஒரு பரீட்சை முடிவு வந்தால் பேச்சு மறுபடி அறுந்துபோகலாம். அதற்காக, நன்றாக இருக்கும் நாளிலேயே இரண்டு விஷயங்களை ஒப்புக்கொண்டு வையுங்கள். எவ்வளவு கோபம் இருந்தாலும் 'போய்ட்டு வரேன்' நிற்கக் கூடாது. மௌனம் மூன்று நாளைத் தாண்டக் கூடாது. நாலாம் நாள் காலை யார் முதலில் எழுந்து அடுப்பைப் பற்ற வைக்கிறாரோ, அவர் இரண்டு டம்ளர் காபி போட்டு, ஒன்றைத் தானே கொண்டுபோய்க் கையில் கொடுக்க வேண்டும். பிள்ளையிடம் கொடுத்து அனுப்பக் கூடாது.